யார் ஸாக்கு சொல்வது

எங்கள் ஆத்தில் ‘போதும்’ என்ற சொல்லே கிடையாது. மேல்கோட்டைப் பக்கத்திலிருந்து வந்து மைசூரில் எத்தனையோ தலைமுறையாக உட்கார்ந்துவிட்ட வைஷ்ணவக் குடும்பம். வீட்டில் பேசுவது தமிழ்தான். ஆனால் மெட்ராஸ்காரன் காதில் விழுந்தால் இது எந்த ஊர்த் தமிழடா என்று புருவத்தைத் தூக்குவான். ரசத்தைச் சாத்தமுது என்போம், பாயசத்தைத் திருக்கண்ணமுது என்போம். அதிலெல்லாம் தமிழ் விட்டுப்போகாது. போதும் என்று சொல்லவேண்டிய இடத்தில் மட்டும் கன்னடம் வந்து சட்டமாக உட்கார்ந்துகொள்ளும். ‘ஸாக்கு’ என்போம். இலையில் சாதம் விழுந்துகொண்டே இருக்கும்; சாப்பிடுகிறவன் ஸாக்கு என்றால்தான் பரிமாறுகிறவள் நிறுத்துவாள். கையை மட்டும் மறித்தால் செல்லாது. அது உபசாரத்துக்கு மறிப்பது. வாயால் சொல்லவேண்டும்.

இந்த ஒரு சொல் என் பிழைப்பை ஒரு ஆட்டு ஆட்டிவைத்துவிட்டது.

நான் சினிமாவில் கேமராமேனாக இருந்தவன். பிறகு டைரக்டர் ஆனேன். நன்றாக ஓடிக்கொண்டிருந்த கேமராவை விட்டுவிட்டு எதற்கு ஐயா டைரக்ஷனுக்குப் போனீர் என்று கேட்காத ஆள் கிடையாது. கலைத்தாகம், மனசில் கதை முட்டியது என்று பெரிதாக ஏதாவது சொல்வேன் என்று வாயைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். மண்ணாங்கட்டி! எனக்கு என் வீட்டுக்குப் போகவேண்டும், அவ்வளவுதான். டைரக்டர் ஆனால் எந்த ஊரில் படம் பிடிப்பது என்று நான் சொல்லலாம். கேமராமேனுக்கு அந்தப் பாக்கியம் இல்லை. டைரக்டர் கை காட்டிய இடத்தில் முக்காலியைப் பிரிக்கவேண்டியதுதான். இந்தக் காரணத்தை ரொம்ப நாள் நானே முழுசாக நம்பிக்கொண்டிருந்தேன்.

தொழில் கற்றது மைசூர் மண்டி மொஹல்லாவில் ஒரு போட்டோக் கடையில். பக்கத்தில் அரிசி மண்டி, எதிரே வெல்ல மண்டி. தூசி பறக்கிற தெரு. அந்தத் தூசியில் சாயங்கால வெயில் விழும்போது மூட்டை தூக்குகிறவனுக்குக்கூட ஒரு தேஜஸ் வந்துவிடும். அங்கே நின்றுதான் வெளிச்சம் என்றால் என்ன என்று தெரிந்துகொண்டேன். அந்தக் கடைக்குத்தான் அவள் வந்தாள், டீச்சர் வேலைக்கு மனுப்போட ஒரு போட்டோ வேண்டுமென்று.

“கொஞ்சம் சிரிச்சா நன்னாருக்கும்” என்றேன்.

“சிரிச்ச மூஞ்சிக்கு யார் வேலை குடுப்பா? நீங்க பிடிங்கோ” என்றாள்.

சிரிக்காமல்தான் பிடித்தேன். பிற்பாடு இரண்டு வீட்டுப் பெரியவர்களும் ஜாதகம் பார்த்துப் பேச்சை எடுத்தபோது, பெண் யாரென்று தெரிந்து எனக்குத் தலைகால் புரியவில்லை. கும்பிடப் போன தெய்வம் குறுக்கே வந்தாற்போல என்பார்களே, அதேதான். அவளோ, “போட்டோக்காரரா? ஒத்தைக் கண்ணாலதானே என்னைப் பார்த்தார்!” என்று தன் தங்கையிடம் சொன்னாளாம்.

அது வாஸ்தவம். கேமராக்காரனுக்கு இடது கண் சும்மா இருக்கவேண்டிய கண். வலது கண்ணைக் கேமராவில் பதித்து இடது கண்ணை இறுக்கி மூடிக்கொள்வான். எனக்கு அது பழகிப் பழகி, எதையாவது உற்றுப் பார்த்தாலே இடது கண் தானாக மூடிக்கொள்ளும். காய்கறி வாங்கும்போதும் அப்படித்தான். தேவராஜ மார்க்கெட்டில் வெற்றிலைக்காரி ஒருத்தி என்னைத் திட்டியிருக்கிறாள்.

சுதந்திரம் வந்த சூட்டில் மெட்ராஸில் ஸ்டூடியோக்கள் ராப்பகலாக வேலை செய்துகொண்டிருந்தன. கல்யாணமான கையோடு நான் போய் உதவிக் கேமராமேனாகச் சேர்ந்து, சீக்கிரமே தனியாகப் படம் பிடிக்கிறவனாக ஆகிவிட்டேன். அவள் மைசூரில் பெண்கள் பள்ளிக்கூடத்தில் வேலையில் இருந்தாள். ஒரு கோடை விடுமுறைக்கு மெட்ராஸ் வந்து பார்த்தாள். வந்த வாரமே முகமெல்லாம் வேர்க்குரு.

“இந்த வெயில்ல வடாம் போடலாம். மனுஷா இருக்கலாமோ?”

“பழகிடும்.”

“பழகிண்டு நான் இங்கே என்ன பண்ண? நீங்க யாரோ ஒருத்திக்கு முகத்துல வெளிச்சம் அடிச்சுட்டு வர்ற வரைக்கும் வாசலைப் பார்த்துண்டு இருக்கவா? எனக்கு அங்கே அறுபது குழந்தைகள் காத்துண்டிருக்கு.”

விடுமுறை முடிவதற்கு முன்னாலேயே ரயில் ஏறிவிட்டாள். கோபித்துக்கொண்டு போகவில்லை. பூவும் பழமும் வாங்கிக்கொண்டு, சிரித்துக்கொண்டுதான் போனாள். அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

அப்புறம் நான் பண்டிகைக்குப் பண்டிகை மைசூர் போகிறவன் ஆனேன். பெங்களூரில் வண்டி மாறி, அலுங்கிக் குலுங்கிப் போய்ச் சேருவேன். இரண்டு நாள் இருப்பேன். மூன்றாம் நாள் ஸ்டூடியோவிலிருந்து தந்திமேல் தந்தி வரும். ஒவ்வொரு தடவையும் “அடுத்த படம் முடிஞ்சதும் இங்கேயே வந்துடறேன், பாரேன்” என்பேன். “ஸாக்கு, ஸாக்கு” என்பாள். அளந்தது போதும் என்று அர்த்தம்.

ஒரு படத்தில் கதாநாயகன் மைசூருக்குப் போகிறானாம். மைசூருக்கு எங்கே போனான்? மெட்ராஸ் ஸ்டூடியோவுக்குள்ளேயே திரைச்சீலையில் சாமுண்டி மலையை வரைந்து தொங்கவிட்டார்கள். கோயில் கோபுரத்தைத் தப்பான பக்கத்தில் வரைந்திருந்தான் பெயிண்டர். நான் பிடித்துக்கொண்டேன் சண்டை. “யார் சார் இதையெல்லாம் பார்க்கப் போறான்?” என்றார் டைரக்டர். “நான் பார்க்கிறேனே ஐயா!” என்று கத்தினேன். ஸ்டூடியோவே திரும்பிப் பார்த்தது. கடைசியில் அந்தத் தப்பு மலைக்கே அந்தி வெளிச்சம் போட்டேன். போட்டுவிட்டுக் கேமராவில் கண்ணை வைத்தால், அச்சு அசல் எங்கள் ஊர் சாயங்காலம். அங்கே நிஜ மலைக்குக் கீழே, நிஜச் சாயங்காலத்தில் என் பெண்டாட்டி பள்ளிக்கூடம் விட்டு நடந்து போய்க்கொண்டிருப்பாள். நான் இங்கே துணிக்கு விளக்குப் பிடிக்கிறேன். எனக்கு அழுகை வந்துவிட்டது. கண்ணைக் கேமராவிலிருந்து எடுக்கவே இல்லை. ஃபோகஸ் பார்க்கிறார் என்று நினைத்துக்கொண்டார்கள்.

அந்தப் படத்தின் முதலாளி கோயமுத்தூர்க்காரர். நல்ல மனுஷர். எனக்கும் டைரக்டருக்கும் நடந்த சண்டையைப் பார்த்துவிட்டு, என்னை வெளியே அனுப்புவார் என்று நான் எதிர்பார்த்தால், “ஏனுங்க, மலை மேல இத்தனை அக்கறை வெச்சிருக்கறவரு மனுசங்க மேல எத்தனை வெப்பீங்க! அடுத்த படத்தை நீங்களே டைரக்ட் பண்ணுங்க” என்று போட்டாரே ஒரு போடு.

“கதை மைசூரில் நடக்கணும்” என்றேன். அதுதான் என் வாயில் முதலில் வந்தது. கதையே இன்னும் இல்லை.

“மைசூரு எதுக்குங்க?”

அளந்துவிட்டேன். மைசூர் வெயிலுக்குத் தனி நிறம், அங்கே புதுசாக ஒரு ஸ்டூடியோ வந்திருக்கிறது, கூட்டம் தொந்தரவு செய்யாது. எல்லாம் சாக்கு. அதாவது தமிழ்ச் சாக்கு. சாக்குப்போக்குச் சொல்வது என்கிறோமே, அது. அவர் தலையை ஆட்டிவிட்டார்.

மைசூருக்கு ஓடினேன். புது ஸ்டூடியோவின் மானேஜரைப் பார்த்தேன். இந்தப் படத்தை இங்கே ஒழுங்காக முடித்துக் காட்டுங்கள், வருஷம் பூராவும் இங்கேயே வேலை வைத்துக்கொள்ளலாம் என்றார். ஆகாயத்தில் பறக்காத குறைதான். ஜட்காவில் வீட்டுக்குப் போய் அவளிடம் சொன்னேன். இந்தத் தடவை ஸாக்கு சொல்லவில்லை. அடுப்பிலிருந்து பாத்திரத்தை இறக்கி வைத்துவிட்டு வந்து எதிரே உட்கார்ந்தாள்.

“என்னைச் சாமராஜநகருக்குத் தலைமை ஆசிரியையா வரச்சொல்றா” என்றாள். “பதில் சொல்லணும். படம் முடியற வரைக்கும் தவணை கேட்டிருக்கேன். நீங்க நிஜமா இங்கேயே வந்துட்டேள்னா நான் போகப்போறதில்லே.”

“போகவேண்டாம். வந்துடறேன்.”

“சரி, போகல்லே. சும்மா பார்த்துட்டு மட்டும் வந்தேன். பெரிய மைதானம். நடுவிலே புளியமரம். மழை பேஞ்சா ஒழுகற கூரை, முதல்ல அதை மாத்தணும். பெரிய கிளாஸுக்குப் பெண்களே வர்றதில்லையாம், வீட்டுல நிறுத்திடறாளாம். வீடு வீடாப் போய்க் கேட்டா அனுப்புவா. ஆனா நான் போகப்போறதில்லையே” என்றாள்.

புளியமரத்தைப் பற்றிச் சொல்லும்போது அவள் முகத்தில் இருந்த வெளிச்சத்தை நான் கவனிக்கத்தான் செய்தேன். அது எனக்காக என்று எடுத்துக்கொண்டேன். ஆக, பந்தயம் இதுதான்: படம் நன்றாக முடிந்தால் ஒரே வீட்டில் புருஷனும் பெண்டாட்டியுமாக இருப்போம், சொதப்பினால் நான் மெட்ராஸ், அவள் சாமராஜநகர்.

படப்பிடிப்பு ஆரம்பித்தது. கேமராவை என்னிடம் முன்பு உதவியாளராக இருந்தவரிடம் கொடுத்தேன். கொடுத்த பிறகுதான் தெரிந்தது நான் எதைக் கொடுத்தேன் என்று. அந்தக் காலத்தில் படம் எப்படி வருகிறது என்று பார்ப்பவன் கேமராமேன் ஒருத்தன்தான். டைரக்டர் பக்கத்தில் நின்று, “எப்படி? நன்னாருக்கா?” என்று கெஞ்சவேண்டியதுதான். கல்யாண வீட்டில் ஜன்னல் வழியாகப் பந்தியைப் பார்க்கிறவன் மாதிரி நின்றேன். கண்ணோ, பழக்க தோஷம், இடது கண் மூடிக்கொள்கிறது. மார்க்கெட்டில் பூக்கடை வரிசையில் முதல் நாள் ஷூட்டிங். கதாநாயகி நாலு அடி நடந்துவிட்டு நின்று, “சார் என்னைப் பார்த்துக் கண்ணடிக்கிறார்” என்று முதலாளியிடம் போய்ப் புகார் சொல்லிவிட்டாள். முதலாளி சிரித்த சிரிப்பில் பூக்காரர்கள் எல்லாம் எழுந்து நின்றார்கள். எனக்கு எங்கே போய் முட்டிக்கொள்வது என்று தெரியவில்லை.

இதைவிடக் கூத்து ஸ்டூடியோவுக்குள் நடந்தது. ஷாட்டை முடிக்க டைரக்டர் ‘கட்’ சொல்லவேண்டும். எத்தனையோ வருஷமாகப் பிறத்தியார் சொல்லிக் கேட்டவன் நான். என் வாய்க்கு அது வரவில்லை. ஷாட் நிறைந்துவிட்டது என்று மனசுக்குப் பட்டதும் வாயில் என்ன வந்தது? எங்களாத்துச் சொல்தான். “ஸாக்கு!” என்று கத்தினேன். மேலே பரணில் விளக்குகளுக்குப் பக்கத்தில் இருந்தவர்கள் எல்லோரும் மெட்ராஸ் ஆட்கள். சுடுகிற விளக்கைத் தொடவும் பொறி விழுந்தால் அணைக்கவும் ஈரச் சாக்கு வைத்திருப்பார்கள். டைரக்டர் சாக்கு கேட்கிறார் என்று ஒருவர் அவசரமாக ஒரு கோணியை உருவிக் கீழே போட்டார். சொட்டச் சொட்ட ஈரக் கோணி, நேராகக் கதாநாயகன் தலையில்!

“இன்னா சார், சாக்குன்னு கூவுனீங்களே?” என்கிறார் மேலேயிருந்து.

விளக்கி முடிப்பதற்குள் பிராணன் போய்விட்டது. ஆனால் மறுநாளிலிருந்து யூனிட்டில் கட் என்ற சொல் ஒழிந்தது. நான் சொன்னாலும் சொல்லாவிட்டாலும், ஷாட் முடிந்தால் எல்லோரும் கோரஸாக “சாக்கு” என்பார்கள். சாயங்காலம் வீட்டில் இதைச் சொன்னபோது அவள் கரண்டியைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தாள். அந்த நாட்கள்! காலையில் அவள் பள்ளிக்கூடம், நான் ஸ்டூடியோ. ராத்திரி ஒரே கூடத்தில் இரண்டு இலை. ஊரெல்லாம் அப்படித்தான் வாழ்கிறது, யாருக்கும் அது ஒரு அதிசயம் இல்லை. எனக்கு மட்டும் தினமும் தீபாவளி.

கடைசி நாள் ஒரு காட்சி பாக்கி. கதையில் புருஷன் ரயில்வேயில் வேலை செய்கிறவன், லீவு முடிந்து தூர தேசத்துக்குக் கிளம்புகிறான். பெண்டாட்டி அவனுக்குச் சாதம் போடுகிறாள். அவ்வளவுதான். ஆனால் மெட்ராஸ் வசனகர்த்தா இரண்டு பக்கத்துக்கு எழுதித் தள்ளியிருந்தார். அன்றைக்குப் பள்ளிக்கூடம் லீவு. முதல் தடவையாக அவள் ஷூட்டிங் பார்க்க வந்தாள். ஒரு நாற்காலி போட்டு என் பின்னால் உட்காரவைத்தேன். ஸ்டூடியோ மானேஜரும் ஓரமாக வந்து நின்றார்.

ஒத்திகை நடந்தது. கதாநாயகி “பிரிவென்னும் தீயிலே” என்று ஆரம்பித்தாள். எனக்குப் பின்னால் ஒரு சிரிப்பு கேட்டது.

“என்ன?” என்றேன் திரும்பி.

“சாதம் போடறவளுக்கு இத்தனை பேசப் போது ஏது? அவ ஒண்ணும் பேசமாட்டா” என்றாள்.

“பின்னே என்ன பண்ணுவா?”

“போட்டுண்டே இருப்பா. அவன் ஸாக்கு சொல்லமாட்டான். சொன்னா எழுந்துக்கணும். எழுந்தா ரயிலுக்குப் போகணும். அதனால சொல்லமாட்டான். அவன் சொல்லாம இவளும் நிறுத்தமாட்டா.”

“அப்போ எப்போதான் நிறுத்தறது?”

“அது உங்க வேலை. டைரக்டர் நீங்கதானே?”

வசனத்தைக் கிழித்தேன். கதாநாயகனிடம், என்ன ஆனாலும் வாயைத் திறக்காதே என்றேன். கதாநாயகியிடம், நான் குரல் கொடுக்கும் வரை போட்டுக்கொண்டே இரு என்றேன். அவள் நல்ல நடிகை, பாவம், நான் கண்ணடிக்கிறவன் இல்லை என்று இதற்குள் புரிந்துகொண்டிருந்தாள்.

கேமரா ஓடியது. ஒரு கரண்டி போட்டாள். இன்னொன்று போட்டாள். அவன் கையை மறித்தான். அவள் அந்தக் கைக்கு மேலேயே போட்டாள். சாத்தமுதை விட்டாள், அது இலையின் கரையைத் தாண்டி ஓடியது, அவன் விரலால் அணை கட்டினான். அவள் சிரித்தாள். சிரித்துக்கொண்டே மறுபடியும் சாதம். இலையில் மலையாகக் குவிந்துவிட்டது. பரணில் ஒருத்தரும் அசையவில்லை. எல்லோரும் என் வாயைப் பார்க்கிறார்கள். நான் சொல்லவேண்டும். ஷாட் எப்போதோ நிறைந்துவிட்டது. அது எனக்குத் தெரியும். அன்றைக்கு என் இரண்டு கண்ணும் திறந்திருந்தன. சொன்னால் இந்தப் படம் முடிந்துவிடும், அந்த இரண்டு இலையும் முடிந்துவிடும் என்று ஏதோ ஒரு கிலி பிடித்துக்கொண்டது. சொல்லவில்லை. கேமராவுக்குள்ளே பிலிமின் வால் படபடவென்று அடித்துக்கொள்ளும் சத்தம் கேட்டது.

“சார், ரோல் தீர்ந்துபோச்சு” என்றார் கேமராமேன்.

முதலாளி துண்டால் முகத்தை மூடிக்கொண்டு வெளியே போனார். அவள் எழுந்து, ஜட்கா பிடித்து வீட்டுக்குப் போய்விட்டாள்.

மானேஜர் என்னைத் தன் அறைக்குக் கூப்பிட்டார். “நோடி ஸ்வாமி, இங்கே பாருங்க, கச்சா பிலிம் சீமையிலிருந்து கப்பல்ல வருது. காவேரியில வரல்லே. ஒரு ஷாட்டுக்கு ஒரு ரோலா? நிறுத்தத் தெரியாதவருக்கு நான் டைரக்ஷன் குடுக்கமுடியாது. ஆனா உங்க கண்ணு எனக்கு வேணும். கேமராமேனா இருங்க. நாளைக்கே வாங்க. ஸ்டூடியோவுக்குப் பின்னாலேயே வீடும் தர்றேன்.”

வெளியே வந்தால் முதலாளி நிற்கிறார், கண் இன்னும் சிவப்பாக. “ஏனுங்க, அடுத்த படமும் நீங்கதான் டைரக்டரு. ஆனா மைசூரு போதுமுங்க, எனக்கு அலையமுடியல. மெட்ராஸ்லயே வெச்சுக்குவோம்” என்றார்.

யோசித்துச் சொல்கிறேன் என்று இரண்டு பேரிடமும் சொல்லிவிட்டு நடந்தேன். கவனித்தீர்களா? யோசித்துச் சொல்கிறேன் என்றேன். மைசூரில் வேலை, வீட்டோடு வேலை. இத்தனை வருஷமாக எதற்காக ஏங்கினேனோ அதைத் தட்டில் வைத்து நீட்டுகிறான் ஒருத்தன். குதித்துக்கொண்டு ஓடியிருக்க வேண்டாமா? மண்டி மொஹல்லா வழியாகச் சுற்றிக்கொண்டு, பழைய போட்டோக் கடை வாசலில் கொஞ்ச நேரம் நின்றேன். நிஜச் சாமுண்டி மலை அங்கேயேதான் இருந்தது, கோபுரம் சரியான பக்கத்தில்.

வீட்டில் இலை போட்டுத் தயாராக இருந்தது. உட்கார்ந்தேன். சாதம் போட ஆரம்பித்தாள். முதலாளியும் மானேஜரும் சொன்னதைச் சொல்லிவிட்டு நானும் ஆரம்பித்தேன்.

“அந்த மானேஜர் மரியாதை தெரியாதவன்.”

ஒரு கரண்டி போட்டாள்.

“அந்த ஸ்டூடியோ நிலைக்கும்னு எனக்குத் தோணல்லே. நாலு விளக்குக்கு மேல போட்டா கரண்ட் போயிடறது.”

இன்னொரு கரண்டி.

“டைரக்டரா இருந்தவன் திரும்பக் கேமராமேனாப் போனா ஊர்ல என்ன சொல்லுவா? எனக்கென்ன, உனக்குத்தான் அவமானம்.”

“ஆடத் தெரியாதவ கூடம் கோணல்னாளாம்” என்றாள். போட்டுக்கொண்டே இருந்தாள். சாத்தமுது விட்டாள். அது ஓடியது. நான் அணை கட்டவில்லை. ஸாக்கு சொல்லவுமில்லை. சொல்லியிருக்கலாம், பசியே இல்லை. இலையில் சாதம் ஏறிக்கொண்டே போயிற்று.

கரண்டியைப் பாத்திரத்திலேயே போட்டுவிட்டு எதிரே உட்கார்ந்தாள்.

“நான் சாமராஜநகருக்கு வரேன்னு நேத்தே சொல்லிட்டேன்” என்றாள். “அவா என்னைக் கூப்பிடல்லே. நானாத்தான் கேட்டு வாங்கினேன். ஆத்துக்காரர் மெட்ராஸ்ல இருக்கார், எனக்கு எந்த ஊரானா என்னன்னு சொல்லிக் கேட்டேன். நீங்க இங்கேயே வந்துடப்போறேளேன்னு இத்தனை நாளும் உள்ளுக்குள்ள திக்குதிக்குன்னு இருந்தது. வரணும்னும் இருந்தது. ரெண்டும் இருந்தது.”

நான் வாயைத் திறந்தேன். கையைக் காட்டி நிறுத்தினாள்.

“உங்களுக்கு நான் சாக்கு. எனக்கு நீங்க சாக்கு” என்றாள். பிறகு, குரலைத் தாழ்த்தி, “ஸாக்கு” என்றாள்.

மூன்றாவதைக் கன்னடத்தில் சொன்னாள். சாப்பிடுகிறவன் சொல்லவேண்டியதை எங்கள் ஆத்தில் பரிமாறுகிறவள் சொல்லி நான் கேட்டது அந்த ஒரு தடவைதான். இலையில் இருந்த அத்தனை சாதத்தையும் சாப்பிட்டு முடித்தேன். அவள் எழுந்து போகவில்லை, கூடவே உட்கார்ந்திருந்தாள்.

அதற்கப்புறம் மெட்ராஸில் வரிசையாகப் படங்கள் டைரக்ட் செய்தேன். ‘கட்’ சொல்லவும் பழகிவிட்டது, நாக்குதானே. அந்தப் பழைய சொல்லை எந்த ஸ்டூடியோவிலும் நான் மறுபடி சொல்லவில்லை. மெஸ்ஸில் பரிமாறுகிறவர் “போதுமா சார்?” என்பார், நானும் போதும் என்பேன். அவர் உடனே நிறுத்திவிடுவார். அவ்வளவு சீக்கிரம் நிறுத்திவிடுவார். சாமராஜநகரில் அவள் கூரையை மாற்றினாள். வீடு வீடாகப் போனாள். பெரிய கிளாஸில் பெண்கள் வந்து உட்கார்ந்தார்கள். நான் பண்டிகைக்குப் போவேன். சந்தோஷமாகத்தான் இருந்தோம், சந்தோஷத்துக்கு ஒன்றும் குறைவில்லை. ரயில் கிளம்புகிற நேரம் ஒன்றுதான் குறை. அது கடைசி வரைக்கும் பழகவில்லை.

அந்த மைசூர்ப் படம் ஊர் ஊராகச் சுற்றி, தேய்ந்து கோடு விழுந்து, ஒரு டெண்டுக் கொட்டகைக்காகச் சாமராஜநகருக்கு வந்தது. நான் அப்போது அங்கே இருந்தேன். பள்ளிக்கூடத்து டீச்சர்களை எல்லாம் கூட்டிக்கொண்டு அவள் வந்தாள். டெண்டில் நடுவே ஒரு தட்டி. பெண்கள் அந்தப் பக்கம், ஆண்கள் இந்தப் பக்கம். நான் மணலில் உட்கார்ந்தேன். பக்கத்தில் சந்தைக்கு வந்த குடியானவர்கள். பாதிப் பேருக்குத் தமிழ் தெரியாது.

அந்தக் காட்சி வந்தது. வெட்டாமல் முழு ரோலையும் விட்டிருந்தோம். ஒரு கரண்டி, இன்னொரு கரண்டி. பீடி பிடித்துக்கொண்டிருந்தவன் பீடியை மறந்தான். சாத்தமுது கரை தாண்டி ஓடியது. இன்னும் போடுகிறாள். எனக்குப் பின்னால் ஒருத்தனுக்குத் தாங்கவில்லை.

“ஸாக்கு பிடம்மா!” என்று கத்தினான், போதும் விடம்மா என்று. டெண்டு முழுக்க ஒரே சிரிப்பு. நானும் சிரித்திருப்பேன்.

தட்டிக்கு அந்தப் பக்கத்திலிருந்து ஒரு குரல் வந்தது. அறுபது குழந்தைகளை ஒரே அதட்டில் உட்காரவைக்கிற குரல்.

“சும்மனிரு! அவனே ஹேளலி!”

சும்மா இரு, அவனே சொல்லட்டும்.

கொட்டகை கப்சிப் என்று ஆகிவிட்டது. நான் எழுந்து தட்டிக்கு மேலே எட்டிப் பார்த்தேன். இருட்டில் அவள் முகம் தெரியவில்லை. திரையில் அவள் போட்டுக்கொண்டே இருந்தாள், அவன் வாயைத் திறக்கவில்லை, ரோல் தீரும் வரைக்கும்.